மை காட்டிய காலம்: சேலம் சமவெளியும் திருடனைத் தேடிய கண்ணாடிகளும்

'எனக்கென்ன, மை போட்டா தெரியும்?' சேலம், நாமக்கல் பக்கம் அன்றாடம் காதில் விழுகிற பேச்சு இது. காணாமல் போன சாவியைப் பற்றிக் கேட்டாலும் சரி, சொல்லாமல் கொள்ளாமல் ஊரைவிட்டுப் போன மகனைப் பற்றிக் கேட்டாலும் சரி, சலிப்போடு இதைத்தான் சொல்வார்கள். ஆனால் நாளைக்கு மழை வருமா என்று கேட்டால் யாரும் மையை இழுப்பதில்லை. அப்போது 'நான் என்ன சோசியக்காரனா?' என்பதுதான் பதில். பேச்சு வழக்கு ரொம்பக் கறாராக இரண்டு காலங்களைப் பிரித்து வைத்திருக்கிறது. வரப்போவது சோசியக்காரனுக்கும் கிளிக்கும் குடுகுடுப்பைக்காரனுக்கும் உரியது. நடந்து முடிந்து ஒளிந்து கிடப்பது மைக்கு உரியது. இந்தப் பாகப்பிரிவினை எப்படி வந்தது, அதனால் யாருக்கு என்ன நேர்ந்தது என்பதே இக்கட்டுரையின் விஷயம்.

காலத்தைக் காட்டும் மாயக் கண்ணாடி என்றதும் நம் வாசகருக்கு ஐரோப்பியக் கதையாடல்களே முதலில் நினைவுக்கு வரும். 1812-இல் கிரிம் சகோதரர்கள் தொகுத்த கதையில் ராணியின் சுவர்க் கண்ணாடி பேசுகிறது. ஆனால் அது நிகழ்காலத்தை மட்டுமே அறிந்த கண்ணாடி. இன்றைக்கு யார் அழகி என்பதோடு அதன் அறிவு முடிந்துவிடும். டோல்கீன் 1954-இல் வெளியிட்ட நாவலின் முதல் பாகத்தில் வருகிற கண்ணாடி உண்மையில் ஒரு வட்டில் தண்ணீர். நடந்தது, நடப்பது, நடக்கக்கூடியது மூன்றும் அதில் கலந்து தெரியும். எது எதுவென்று பார்க்கிறவருக்குப் பிரித்தறிய முடியாது. இவை கற்பித உலகங்களின் கண்ணாடிகள். அந்த உலகங்களில் சொத்து உண்டு, கிரீடம் உண்டு, ஆனால் களவு போன ஒரு வெண்கல அண்டாவுக்காக யாரும் கண்ணாடி பார்ப்பதில்லை. நம்மிடம் இருந்தது அண்டாவுக்கான கண்ணாடி.

முதலில் அதன் பொருள்வகையைச் சொல்லிவிடலாம். பழந்தமிழில் கண்ணாடிக்கு ஆடி, தட்டொளி என்ற பெயர்கள் உண்டு. ரசம் பூசிய கண்ணாடி பரவலாவதற்கு முன் கண்ணாடி என்பது துலக்கிய உலோகம்தான். கேரளத்து ஆறன்முளையில் இன்றும் அப்படி வார்க்கிறார்கள். உலோகக் கண்ணாடி கோயிலுக்கும் அரண்மனைக்கும் போனது. குடியானவனுக்குக் கிடைத்த பளபளப்பான பரப்பு வெற்றிலை. காவிரிக் கரையில் பரமத்தி வேலூரைச் சுற்றி இன்றும் கொடிக்கால்கள் உண்டு. அகத்தி மரத்தில் ஏற்றிவிட்ட கொடி, வெள்ளைக்கொடி, கற்பூரி என்று ரகங்கள், கவுளிக் கணக்கில் விற்பனை. அந்த வெற்றிலையின் முகத்தில் எண்ணெயில் குழைத்த கருமையை வழவழவென்று தடவினால் ஒரு கருங்கண்ணாடி தயார். விளக்கு வெளிச்சம் அதில் விழுந்து ஒரு பொட்டாக மினுக்கும். அந்தப் பொட்டை இமைக்காமல் பார்க்கச் சொல்வார்கள்.

இதற்கு நூல்வழக்கு அஞ்சனம். மாந்திரீகச் சுவடிகள் அஞ்சனத்தைப் பல வகையாகப் பிரிக்கின்றன. பூமிக்கடியில் புதைந்த திரவியத்தைக் காட்டுவது பாதாள அஞ்சனம். களவைக் காட்டுவது சோர அஞ்சனம். சோரம் என்றால் திருட்டு. புதையலும் களவும் இரண்டுமே ஏற்கெனவே நடந்தவை என்பதைக் கவனிக்க வேண்டும்: யாரோ எப்போதோ புதைத்தது, யாரோ நேற்று எடுத்தது. அஞ்சனத்தின் காலம் இறந்தகாலம். 'மை' என்ற சொல்லுக்கு அகராதியில் கருமை, இருள், மேகம் என்பவற்றோடு குற்றம் என்றும் பொருள் உண்டு. 'மையறு' என்றால் குற்றமற்ற. ஒரே எழுத்துக்குள் கருமையையும் குற்றத்தையும் வைத்துக்கொண்ட மொழி, குற்றவாளியைக் கருப்பில் தேடியதில் ஆச்சரியமில்லை. (கருப்பு என்பதைக் குற்றத்தோடு சேர்த்த நம் இலக்கண மனம் பற்றித் தனியாகவே எழுத வேண்டும்.)

சடங்கின் ஒழுங்கு சுவாரசியமானது. மைக்காரர் நேரே பார்ப்பது குறைவு. ஒரு பையனையோ பெண்பிள்ளையையோ உட்காரவைத்துப் பார்க்கச் சொல்வார். முதலில் எதுவும் தெரியாது. பிறகு 'அனுமாரு வந்துட்டாரா பாரு' என்று கேட்பார். பிள்ளை 'வந்துட்டாரு' என்னும். 'எடத்தக் கூட்டச் சொல்லு.' 'கூட்டறாரு.' 'எடுத்த ஆளக் கூட்டியாரச் சொல்லு.' அதற்கப்புறம்தான் ஆள் வரும். அஞ்சனை மகன் அஞ்சனத்தில் வருகிறான் என்பது வெறும் ஒலிப் பொருத்தமாகவே இருக்கலாம். ஆனாலும் நாமக்கல்லில் கூரையில்லாமல் பதினெட்டடி உயரத்தில் நிற்கிற ஆஞ்சநேயர், எதிரே மலைக்குடைவரையில் இருக்கும் நரசிம்மரைக் கண்கொட்டாமல் பார்த்துக்கொண்டிருக்கிறார் என்று நம்புகிற சமவெளியில், பார்வைக்கு அதிபதியாக வேறு சாமியை யோசிக்க முடியாது.

இந்தக் கூட்டுதல், அழைத்துவருதல் என்ற வரிசை நம்முடையது மட்டும் அல்ல என்பதுதான் வரலாற்றுக்காரன் நிற்க வேண்டிய இடம். 1832-இல் லண்டனில் வெளியான 'கானூன்-இ-இஸ்லாம்', தக்காண முஸ்லிம்களின் வழக்கங்களைப் பற்றி ஜாஃபர் ஷரீஃப் எழுதி, சென்னை ராணுவ மருத்துவரான ஹெர்க்லாட்ஸ் ஆங்கிலப்படுத்தியது. அதில் அஞ்சன வித்தை உண்டு. நான்கு வருஷம் கழித்து, 1836-இல், எட்வர்ட் லேன் எகிப்தியரின் பழக்க வழக்கங்கள் பற்றி எழுதிய நூலில் கெய்ரோ மந்திரவாதி ஒருவர் பையனின் உள்ளங்கையில் மையை ஊற்றிப் பார்க்கச் சொல்கிறார். அங்கேயும் முதலில் ஒருவன் வந்து தரையைக் கூட்டுகிறான். பிறகு கொடிகள், கூடாரங்கள், கடைசியில் சுல்தான். சுல்தானின் தர்பாரில்தான் கேட்ட ஆள் கொண்டுவந்து நிறுத்தப்படுகிறான். மைக்குள் இருப்பது ஒரு விசாரணை மண்டபம். நம்மிடம் சுல்தான் போய் அனுமார் வந்திருக்கிறார், அவ்வளவுதான் வித்தியாசம். யார் யாரிடம் கற்றார்கள் என்ற பஞ்சாயத்துக்குள் நான் போகவில்லை. வணிகமும் பக்கிரிகளும் போன வழியெல்லாம் மையும் போயிருக்கும்.

லேன் சொல்லும் ஒரு சம்பவத்தை மட்டும் விட முடியவில்லை. அவர் நெல்சன் பிரபுவை அழைக்கச் சொல்கிறார். பையன், கருப்பு ஐரோப்பிய உடுப்பில் ஒருவர் வந்திருப்பதாகவும் அவருக்கு இடது கை இல்லை என்றும் சொல்லி, உடனே திருத்திக்கொண்டு, இல்லை, இடது கையை மார்பில் வைத்திருக்கிறார் என்கிறான். நெல்சன் இழந்தது வலது கை. அந்தச் சட்டையின் வெற்றுக் கையை மார்பில் குத்தி வைத்துக்கொள்வது அவர் வழக்கம். லேன் தன் சந்தேகத்தைக் காட்டிக்கொள்ளாமல், மையில் உருவங்கள் நேராகத் தெரியுமா, கண்ணாடியில் போல இடவலம் மாறித் தெரியுமா என்று மந்திரவாதியிடம் கேட்கிறார். கண்ணாடியில் போலத்தான் என்கிறார் அவர். ஆக, பையன் சொன்னது பிழையில்லை என்றாகிவிட்டது! படித்த ஆங்கிலேயரே மைக்கு வக்கீலாக வந்து நின்ற காட்சி இது. கண்ணாடியின் தவறு கண்ணாடியின் இயல்பாகிவிட்டால் அப்புறம் அதைப் பொய்ப்பிக்க வழியே கிடையாது.

மையைப் பார்க்கத் தகுதியுள்ளவர்கள் என்று லேன் குறிப்பிடுவது நான்கு பேரை: பருவமெய்தாத பையன், கன்னிப்பெண், கறுப்பு அடிமைப்பெண், கர்ப்பிணி. இந்தப் பட்டியலை நிதானமாகப் படியுங்கள். சொத்துக்கு உரிமை இல்லாதவர்கள் அல்லது சொத்தாகவே கருதப்பட்டவர்கள்தான் சொத்து எங்கே போனதென்று பார்க்க வேண்டியவர்கள். பார்வை அவர்களுடையது, கேள்வி அவர்களுடையதல்ல. கேட்பவன் 'சிவப்புத் துண்டா, வெள்ளைத் துண்டா?' என்று கேட்கிறான். குழந்தை இரண்டில் ஒன்றைச் சொல்கிறது.

ஐரோப்பா இந்த மையை எடுத்துக்கொண்டு போய் இலக்கியம் செய்தது. வில்கி காலின்ஸின் 'மூன்ஸ்டோன்' (1868) நாவலில் களவுபோன வைரத்தைத் தேடி வரும் மூன்று இந்தியப் பிராமணர்கள், ஒரு ஆங்கிலச் சிறுவனின் உள்ளங்கையில் மையை ஊற்றி விசாரிக்கிறார்கள். வைரம் யாருடையது? இந்தியக் கோயிலினுடையது. திருடன் யார்? ஆங்கில அதிகாரி. துப்பறியும் நாவலின் ஆதிப் பிரதிகளில் ஒன்றில் மை சரியான ஆளைத்தான் தேடுகிறது என்பது அந்த நாவலின் ரகசியமான நேர்மை. போர்ஹே 1935-இல் வெளியிட்ட தொகுப்பில் உள்ள 'மைக் கண்ணாடி' கதையில் சூடானியக் கொடுங்கோலன் ஒருவன் நாள்தோறும் உள்ளங்கை மையில் உலகைப் பார்க்கிறான். கடைசி நாளில் முகமூடி போட்ட ஒருவனின் மரண தண்டனையைப் பார்க்க, முகமூடி விலகினால் அது அவன் முகம். நம் சிறுபத்திரிகைகளில் போர்ஹேயைக் கொண்டாடிய அளவுக்குப் பக்கத்து ஊர் வெற்றிலையைக் கண்டுகொள்ளவில்லை என்பது என் தீராத வருத்தம். போர்ஹேயின் மையில் அதிகாரம் தன்னைத் தானே பார்த்துச் சாகிறது. சேலத்து மையில் அப்படி நடந்ததே இல்லை. பண்ணையக்காரர் போட்ட மையில் பண்ணையக்காரர் முகம் தெரிந்ததாக எந்த ஊரிலும் ஒரு கதையும் கிடையாது.

யார் முகம் தெரிந்தது என்பதற்கு வருவோம். மை எப்படி வேலை செய்கிறது என்று தெரிந்த பெரியவர்கள் மெல்லச் சிரித்துக்கொண்டே சொல்வது: மையில் ஒண்ணுமில்லை, மை போடப் போறோம்னு ஊருக்குள்ள சொல்றதுலதான் எல்லாம் இருக்குது. வெள்ளிக்கிழமை மை போடுவதாகத் திங்கட்கிழமையே பேச்சை விட்டுவிட வேண்டும். புதன்கிழமை ராத்திரியோடு ராத்திரியாக அண்டா வைக்கோற்போரில் கிடக்கும். பொருள் வந்துவிட்டால் பெயர் வேண்டியதில்லை. எல்லோருக்கும் தெரியும், யாரும் பேச மாட்டார்கள். இந்த அளவில் மை ஒரு கௌரவமான ஏற்பாடு என்றுகூடச் சொல்வேன். போலீஸுக்குப் போவதைவிட மலிவு, அவமானமும் குறைவு. துப்புக்கூலி கொடுத்துக் களவுபோன மாட்டை மீட்டுக்கொண்ட பழைய முறைக்கு இது பங்காளி.

பொருள் வராவிட்டால்தான் விபரீதம். வெள்ளிக்கிழமை வந்துவிடும், பிள்ளை மையின் முன் உட்காரும். மங்கலான ஒளியில் கண்ணாடியைப் பத்து நிமிஷம் வெறித்துப் பார்த்தால் தன் முகமே சிதைந்து அந்நிய முகங்களாகத் தெரியும் என்பதை இத்தாலிய உளவியலாளர் ஜொவான்னி கபூட்டோ 2010-இல் ஒரு சோதனையில் காட்டினார். கலந்துகொண்ட ஐம்பது பேரில் மூன்றில் இரண்டு பங்கினர் தங்கள் முகம் பெரிதும் உருமாறியதாகச் சொன்னார்கள். ஆகவே பிள்ளை பொய் சொல்வதாக நினைக்க வேண்டியதில்லை. ஏதோ ஒரு முகம் தெரியத்தான் செய்யும். அந்த ஏதோ ஒன்றுக்குப் பெயர் எங்கிருந்து வருகிறது? நாலு நாளாகத் திண்ணையிலும் கிணற்றடியிலும் பேசப்பட்ட பெயர்கள் பிள்ளையின் காதில் இருக்கின்றன. ஊர் யாரைத் திருடன் என்று ஏற்கெனவே முடிவு செய்திருக்கிறதோ அவரே வருவார். அது பண்ணையாளாக இருக்கும், சேரியிலிருந்து கூலிக்கு வந்த பெண்ணாக இருக்கும், ஊர்க்கோடியில் கூடாரம் போட்டிருக்கிற குடும்பமாக இருக்கும். நடந்ததைக் காட்டுவதாகச் சொல்லிக்கொண்ட கண்ணாடி, ஊரின் மனசைத்தான் காட்டியிருக்கிறது.

பிரிட்டிஷார் வேறொரு மையோடு வந்தார்கள். 1858-இல் வங்காளத்து ஜங்கிபூரில் வில்லியம் ஹெர்ஷல் என்ற அதிகாரி, சாலைக்குச் சரளை கொடுக்க ஒப்பந்தம் போட்ட ராஜ்யதர் கோனாய் என்பவரின் உள்ளங்கையை மையில் அழுத்திக் காகிதத்தில் பதிந்தார். கையெழுத்துப் போட்டதைப் பின்னால் மறுக்கிற எண்ணமே வராதபடி பயமுறுத்தத்தான் அப்படிச் செய்ததாக ஹெர்ஷலே எழுதியிருக்கிறார். மை போடப் போவதாக ஊருக்குள் பேச்சு விடுகிற சூட்சுமமும் இதுவேதான். 1897-இல் கல்கத்தாவில் விரல்ரேகைப் பிரிவு வந்தது. எட்வர்ட் ஹென்றியின் பெயரில் வழங்குகிற அந்த வகைப்பாட்டுக்கு உழைத்த அஜீசுல் ஹக், ஹேமசந்திர போஸ் இருவரும் அடிக்குறிப்பாகிப் போனார்கள்.

குற்றப் பரம்பரைச் சட்டம் 1871-இல் வட இந்தியாவுக்காக வந்து, 1911-இல் திருத்தப்பட்டுச் சென்னை மாகாணத்துக்கும் நீண்டது. நம் மக்கள் அதற்கு வைத்த பெயர் ரேகைச் சட்டம். பிறப்பைக் கொண்டே ஒருவரைக் குற்றவாளியாகப் பதிவு செய்து, விரல்களை மையில் அழுத்தி, ராத்திரி எங்கே படுக்கிறார் என்பதுவரை கண்காணித்த சட்டம். மதுரைப் பக்கம் ராதாரிச் சீட்டு என்பார்கள்; அந்தச் சீட்டு இல்லாமல் ஊர்விட்டு ஊர் போக முடியாது. பெருங்காமநல்லூரில் 1920 ஏப்ரல் 3 அன்று ரேகை வைக்க மறுத்த கள்ளர்களைப் போலீஸ் சுட்டது பேசப்பட்ட வரலாறு. சேலம் சமவெளியின் கதை அவ்வளவாகப் பேசப்படவில்லை. சேலம் மேல்நாட்டுக் கொறவர், ஆத்தூர் மேல்நாட்டுக் கொறவர், ஆத்தூர் கீழ்நாட்டுக் கொறவர், சேலம் உப்புக் கொறவர் என்று நம் மண்ணின் பெயரையே முன்னொட்டாகத் தாங்கிய பட்டியல் பெயர்களை இன்றும் பார்க்கலாம்.

'உப்பு' என்ற அந்தச் சொல்லிலேயே ஒரு பொருளாதார வரலாறு இருக்கிறது. கொறவர்கள் கழுதைகளிலும் மாடுகளிலும் பொதியேற்றிக் கடற்கரை உப்பை உள்நாட்டுக்கும் உள்நாட்டுத் தானியத்தைக் கடற்கரைக்கும் கொண்டுபோன வணிகர்கள். ரயிலும் பிரிட்டிஷாரின் உப்புக் கொள்கையும் அந்தப் பாதையை எப்படி அடைத்தன என்பதை மீனா ராதாகிருஷ்ணா 2001-இல் வந்த தம் நூலில் விரிவாகக் காட்டியிருக்கிறார். இடையில் 1876-78 தாது வருஷப் பஞ்சம். சேலம் மிக மோசமாக அடிபட்ட ஜில்லாக்களில் ஒன்று. தானிய விலை ஏறுகிறபோது கொள்ளையும் ஏறுகிறது என்று சென்னை மாகாணம் பற்றி டேவிட் ஆர்னால்ட் எழுதியிருப்பதை இதோடு வைத்துப் படிக்கலாம். பாதை போய், பிழைப்பு போய், ஆனாலும் நடந்துகொண்டே இருந்தவர்களை அரசு 'திரிகிறவர்கள்' என்று எழுதிக்கொண்டது. 1883-இல் லெ ஃபானுவின் சேலம் மேனுவல், 1918-இல் ரிச்சர்ட்ஸின் கெசட்டியர் என்று ஜில்லாவை அளந்து, எண்ணி, வகை பிரித்து எழுதிய காலமும் இதுதான்.

இரண்டு மைகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால்தான் வித்தியாசம் புலப்படும். வெற்றிலை மைக்குக் களவு நடந்தாக வேண்டும். அதற்கப்புறமே அது ஆளைத் தேடும். ரேகை மைக்குக் களவே தேவையில்லை. ஆள் முன்கூட்டியே இருக்கிறார், களவு எப்போதாவது வந்து அவரோடு சேர்ந்துகொள்ளும். ஊர்ப் பேச்சு நாலு நாளில் அடங்கிவிடும், கூடாரத்தைப் பிரித்துக்கொண்டு அடுத்த ஊருக்குப் போய்விடலாம். பதிவேடு அடங்காது, எந்த ஊருக்குப் போனாலும் முன்னால் போய் நிற்கும். இன்னும் பிறக்காத பிள்ளையின் நாளையைக்கூட அது எழுதி வைத்திருந்தது. கற்பனை உலகத்துக் கண்ணாடிகள் எதிர்காலம் காட்டுவதாகப் பீற்றிக்கொள்கின்றனவே, நம் சமவெளியில் எதிர்காலம் காட்டிய ஒரே கண்ணாடி தாலுகாக் கச்சேரியில் இருந்தது. ஃபூக்கோ சிறைச்சாலையின் வட்டக் கோபுரத்தை வைத்துப் பேசியதை நாம் இந்தப் பதிவேட்டை வைத்தும் பேசியிருக்கலாம்.

இங்கே பகுத்தறிவு இயக்கத்தோடு எனக்கு ஒரு சின்ன வழக்கு உண்டு. திராவிடர் கழகம் என்ற பெயர் பிறந்ததே 1944 ஆகஸ்டில் சேலத்தில்தான்; 1971 ஜனவரியில் மூடநம்பிக்கை ஒழிப்பு மாநாடும் இதே ஊரில் நடந்தது. இலங்கையில் ஆப்ரகாம் கோவூர் மந்திரவாதிகளுக்குப் பந்தயம் கட்டிச் சவால் விட்டார். இவர்கள் கேட்ட கேள்வி: மையில் தெரிவது உண்மையா? கேட்க வேண்டிய கேள்விதான், பதிலும் சரிதான். ஆனால் மையில் எப்போதும் ஏன் அவரே தெரிகிறார் என்ற கேள்வி அதோடு சேர்ந்து எழவில்லை. மை மோசடி என்று நிரூபித்துவிட்டால் சந்தேகமும் போய்விடும் என்று நம்பினோம். மை போனது, சந்தேகம் அதே வீட்டுக்கே போய்க்கொண்டிருக்கிறது. மகாராஷ்டிரத்தில் 2013-இல் தபோல்கர் கொல்லப்பட்ட பிறகு சட்டம் வந்தது, கர்நாடகத்தில் 2017-இல் நிறைவேறியது. அவை மாந்திரீகம் செய்கிறவனைத் தண்டிக்கின்றன. பெயர் சொல்லப்பட்டவருக்கு ஊரில் திரும்பக் கிடைக்க வேண்டிய முகத்தைப் பற்றி எந்தச் சட்டத்துக்கும் யோசனை இல்லை.

இதே காலத்தில் ஏற்காடு அடிவாரத்தில் வேறொரு கண்ணாடி வேலை நடந்துகொண்டிருந்தது. திருச்செங்கோட்டுக்காரரான டி.ஆர். சுந்தரம் இங்கிலாந்தில் லீட்ஸுக்குப் போய் நெசவுத் தொழில் படித்து வந்து, நெசவை விட்டுவிட்டு 1935-இல் மாடர்ன் தியேட்டர்ஸைத் தொடங்கினார். 1940-இல் அவர் எடுத்த 'உத்தம புத்திர'னில் பி.யு. சின்னப்பா இரட்டை வேடம். 1950-இல் 'திகம்பர சாமியா'ரில் நம்பியார் பதினொரு வேடம். ஒரு முகம் இரண்டாகவும் பதினொன்றாகவும் ஆகும் என்று இருட்டுக்குள் உட்கார்ந்து காசு கொடுத்துப் பார்த்த அதே ஜனங்கள், வெளியே வந்தால் மையில் தெரிந்த முகம் ஒரே ஆளுடையதுதான் என்று சத்தியம் செய்தார்கள். 1956-இல் 'அலிபாபாவும் 40 திருடர்களும்', வண்ணத்தில். திருடர்களிடமே திருடுகிற எம்.ஜி.ஆர். அங்கே கதாநாயகன். குகைப் பொன் யாருடையது, எந்த ஊரில் கொள்ளை போனது என்று கொட்டகையில் யாரும் மை போட்டுப் பார்க்கவில்லை. பாக்தாதைச் சேலத்தில் கட்டினால் திருட்டு சாகசம். உப்புக் கொறவர் ஊர்க்கோடியில் கூடாரம் போட்டால் அது வழக்கு. சென்னையில் விஜயா நிறுவனம் 1957-இல் எடுத்த 'மாயா பஜா'ரில் ஒரு பெட்டி வருகிறது. திறந்து பார்ப்பவரின் மனசில் இருப்பவர் யாரோ அவர் முகம் அதில் தெரியும். கிருஷ்ணன் பார்க்கும்போது சகுனி தெரிகிறான். ஊர்ப்பிள்ளையின் மையைப் புரிந்துகொள்ள எனக்குக் கபூட்டோவைவிட அந்தக் காட்சிதான் அதிகம் உதவியது.

சென்னை மாகாணத்தில் குற்றப் பரம்பரைச் சட்டம் 1947-இல் நீக்கப்பட்டது. இந்தியா முழுக்க 1952-இல். நீக்கிய மறுவருஷமே, 1948-இல், வழக்கமான குற்றவாளிகளைக் கட்டுப்படுத்தும் சட்டம் என்ற பெயரில் சென்னை மாகாணம் ஒன்றைப் போட்டது. ரேகை எடுப்பதற்கான 1920-ஆம் வருஷத்துச் சட்டம் 2022-இல் மாற்றப்பட்டு, இப்போது கண்ணின் கருவிழிப் படமும் சேர்ந்துகொண்டது. மைக்காரர் பிள்ளையின் கண்ணைக் கடன் வாங்கினார். அரசு கண்ணையே பதிந்துகொள்கிறது. சிறைக் கையேடுகளில் சீர்மரபினரைத் தனியாகக் குறித்துவைத்த விதிகளை உச்ச நீதிமன்றம் செல்லாது என்று சொன்னது 2024 அக்டோபரில்.

தமிழ்நாட்டில் இம்மக்களுக்கு 1979-இல் 'சீர்மரபினப் பழங்குடிகள்' என்பது 'சீர்மரபினர் வகுப்பு' என்று மாற்றப்பட்டது. பழைய பெயரைத் திரும்பக் கேட்டு நாற்பது வருஷம் மனுக் கொடுத்து, 2019-இல் மத்திய அரசுச் சலுகைகளுக்கு மட்டும் அந்தப் பெயரில் சான்றிதழ் தர ஆணை வந்தது. நாமக்கல் 1997-இல் தனி மாவட்டமான பிறகு பட்டியலில் சில பெயர்களுக்கு எதிரே 'சேலம் மற்றும் நாமக்கல் மாவட்டங்கள்' என்று அடைப்புக்குறி சேர்ந்திருக்கிறது. தாத்தாவின் விரலை மையில் அழுத்துவதற்காக எழுதப்பட்ட அதே பெயரை, பேத்தி கல்லூரியில் இடம் கேட்கும் விண்ணப்பத்தில் எழுத்துப் பிசகாமல் எழுத வேண்டும். ஓரெழுத்து மாறினாலும் தாசில்தார் அலுவலகத்தில் திருப்பிவிடுவார்கள்.